அடுத்தவர் உயிரில் ஒரு தியாகம்

நடுவர் அவர்களே, எதிரணியில் இன்னும் கண்ணைத் துடைத்துக்கொண்டிருக்கும் நண்பர்களே, ஞாயிற்றுக்கிழமை மத்தியானத் தூக்கத்தைத் தியாகம் செய்துவிட்டு வந்திருக்கும் பெரியோர்களே, வணக்கம். தியாகம் என்கிற சொல்லை இன்றைக்கு உங்களுக்கு மட்டும்தான் தருவதாக முடிவு செய்து வந்திருக்கிறேன். வேறு யாருக்கும் தரப்போவதில்லை.

தலைப்பு: "‘ரகசியக் காடு’ என்கிற கொரியத் தொடரின் முடிவில் லீ சாங்-ஜுன் தியாகியா, குற்றவாளியா?" குற்றவாளியே என்று பேச வந்திருக்கிறேன்.

எனக்கு முன்னால் பேசிய அக்கா உட்கார்ந்தபோது பின்வரிசையில் மூக்கை உறிஞ்சுகிற சத்தம் கேட்டது. நான் ஒன்றும் கல்நெஞ்சக்காரி இல்லை. பதினாறாவது எபிசோடை முதல் தடவை பார்த்து முடித்தபோது ராத்திரி இரண்டு மணி. நானும் அழுதேன். என் அம்மா எழுந்து வந்து, "யாருக்கு என்ன ஆச்சு?" என்று பதறிப்போய்க் கேட்டார். "கொரியாவில் ஒருத்தர் செத்துட்டார்மா" என்றேன். அன்றைக்கு வாங்கியது இன்னும் வலிக்கிறது.

அழவைத்தவர் யூ ஜே-ம்யங் என்கிற நடிகர். ‘ரிப்ளை 1988’ பார்த்தவர்களுக்குத் தெரியும், டோங்-ரியோங்கின் அப்பாவாக, கண்டிப்பான வாத்தியாராக வந்து சிரிக்க வைத்தவர். அதே மனிதர் இங்கே கட்டி முடிக்காத ஒரு கட்டடத்தின் விளிம்பில் நிற்கிறார். அந்த நடிப்புக்கு எந்த விருதை வேண்டுமானாலும் கொடுங்கள், நானும் எழுந்து நின்று கை தட்டுகிறேன். ஆனால் நடிகருக்குக் கொடுக்கிற மாலையைத் தவறிப்போய்க் கதாபாத்திரத்தின் கழுத்தில் போட்டுவிடக் கூடாது.

தொடரைப் பார்க்காதவர்கள் சிலர் இருக்கலாம். 2017 ஜூன் 10 முதல் ஜூலை 30 வரை டிவிஎன் அலைவரிசையில் ஓடியது, பதினாறு எபிசோடு. நெட்ஃப்ளிக்ஸில் ‘ஸ்ட்ரேஞ்சர்’ என்று தேடினால் கிடைக்கும். எழுதியவர் லீ சூ-யோன், அவருடைய முதல் தொடர். முதல் தொடரிலேயே இப்படி எழுதிவிட்டால் மற்றவர்கள் என்ன செய்வது? முடிவைச் சொல்லாமல் இந்தத் தலைப்பில் பேச முடியாது, அதனால் பார்க்காதவர்கள் காதைப் பொத்திக்கொள்ளுங்கள். இத்தனை வருஷம் பார்க்காமல் விட்டது உங்கள் பிழை, என் பிழை இல்லை.

பார்க் மூ-சங் என்று ஒரு தொழிலதிபர். குற்ற வழக்கு நடத்துகிற அரசு அதிகாரிகளான பிராசிக்யூட்டர்களுக்கு விருந்து வைப்பது, பணம் கொடுப்பது, இளம்பெண்களை அனுப்புவது, இதுதான் அவருடைய உண்மையான தொழில். அவர் தன் வீட்டிலேயே கத்திக்குத்துப்பட்டுச் சாகிறார். பிணத்தைப் பார்ப்பவர் ஹ்வாங் ஷி-மோக் என்கிற பிராசிக்யூட்டர். சின்ன வயதில் மூளையில் செய்த அறுவைச் சிகிச்சையால் உணர்ச்சி மங்கிப்போனவர். கல்யாண வீட்டில் போட்டோ எடுத்தாலும் ஆதார் அட்டைப் படம் மாதிரியே விழுவார். அவரோடு சேருகிறவர் யோங்சான் காவல் நிலையத்து ஹான் யோ-ஜின். இரண்டு பேரும் பதினைந்து எபிசோடு முழுக்கத் தேடிக் கடைசியில் கண்டுபிடிப்பது என்ன? கத்தி பிடித்தவர் தங்கள் சிறப்புக் குழுவுக்குள்ளேயே உட்கார்ந்திருந்த யூன் சே-வோன். பள்ளிப் பேருந்து விபத்தில் மகனைப் பறிகொடுத்த தகப்பன். அந்தப் பேருந்து ஓடக் காரணமான லஞ்சக் கணக்கில் பார்க் மூ-சங்கின் பெயர் இருந்தது. அந்தத் தகப்பனின் கோபத்துக்குத் திசை காட்டியவர்தான் நம் கதாநாயகர் லீ சாங்-ஜுன். ஷி-மோக்கின் மேலதிகாரி. ஹான்ஜோ என்கிற பெரிய நிறுவனத்தின் தலைவருக்கு மாப்பிள்ளை. கடைசியில் நீல மாளிகையில் அதிபரின் மூத்த செயலாளர் வரைக்கும் ஏறியவர். மாமனாரின் ஊழல் ஆதாரங்களை எல்லாம் ஒரு பையில் சேர்த்து வைத்துவிட்டு, ஷி-மோக்கின் கண் முன்னால் மேலிருந்து விழுந்து சாகிறார்.

இதைத்தான் தியாகம் என்கிறார்கள்.

நடுவர் அவர்களே, அவர்கள் பேசும்போது நான் ஒரு தாளில் கோடு போட்டுக்கொண்டே இருந்தேன். இரண்டு பேர் பேச்சிலும் சேர்த்துத் ‘தியாகம்’, ‘தியாகி’ என்று இருபத்தேழு தடவை வந்திருக்கிறது. பக்கத்தில் இன்னொரு பெயரை எழுதி வைத்துக் காத்திருந்தேன். அதற்கு ஒரு கோடுகூட விழவில்லை. அது யார் பெயர் என்று சொல்கிறேன்.

எதிரணி அண்ணன் ஒரு பழமொழி சொன்னார். "முள்ளை முள்ளால்தான் எடுக்க வேண்டும்." கை தட்டல் விழுந்தது. அண்ணன் எப்போதாவது காலில் முள் குத்தி எடுத்திருக்கிறாரா? எடுத்து முடித்த பிறகு என்ன செய்வோம்? குத்திய முள், எடுத்த முள், இரண்டையும் சேர்த்து வேலிக்கு வெளியே வீசுவோம். எடுத்த முள்ளுக்கு யாராவது பொட்டு வைத்து, பூ போட்டு, பூஜை அறையில் வைத்ததுண்டா?

எனக்கும் ஒரு பழமொழி தெரியும். எய்தவன் இருக்க அம்பை நோவானேன். யூன் சே-வோன் அம்பு. விலங்கு மாட்டி, விசாரணை நாற்காலியில் உட்கார்ந்து, எல்லாம் நானே செய்தேன் என்று கடைசிவரைக்கும் சொன்ன அம்பு. எய்தவரோ சூட்டு கோட்டு கலையாமல் நின்றார். மகனைப் புதைத்த ஒரு தகப்பனிடம் ஒரு நல்ல மேலதிகாரி என்ன சொல்லியிருக்க வேண்டும்? "வாய்யா, நான் பிராசிக்யூட்டர், இந்த வழக்கை நான் எடுக்கிறேன்" என்று. இவர் அந்தத் துக்கத்தைப் பார்த்தார், இது நமக்கு உதவும் என்று எடை போட்டார்.

சாங்-ஜுன் விட்டுச்சென்ற கடிதத்தை அக்கா உருக்கமாக எடுத்துச் சொன்னார். நாடு சரிந்துகொண்டிருக்கிறது, ஊழல் வெறும் கெடுதலாக இருந்த காலம் போய் ஆளைக் கொல்ல ஆரம்பித்துவிட்டது என்று அதில் வருகிறது. ஒத்துக்கொள்கிறேன். அதில் ஒரு எழுத்தைக்கூட நான் மறுக்கமாட்டேன். கொரியாவின் வரலாறு தெரிந்த யாரும் மறுக்க முடியாது. 1994 அக்டோபரில் தலைநகர் சோலில் சோங்சு பாலம் காலை நேரத்தில் இடிந்து ஆற்றில் விழுந்தது. 32 பேர் செத்தார்கள், அதில் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்த பெண் பிள்ளைகளும் உண்டு. அடுத்த வருஷமே, 1995 ஜூன் 29, சம்பூங் டிபார்ட்மென்ட் ஸ்டோர் அப்படியே உட்கார்ந்தது. 502 பேர். சட்டத்துக்குப் புறம்பாகக் கட்டடத்தை மாற்றிக் கட்ட அதிகாரிகளுக்குப் பணம் போயிருந்தது என்று பிறகு வெளிவந்தது. 1999-ல் ஹ்வாசோங்கில் சீலேண்ட் என்கிற முகாமில் தீப்பிடித்தது. 23 பேர், அதில் 19 பேர் பாலர் பள்ளிக் குழந்தைகள். 2014-ல் செவோல் கப்பல் மூழ்கியது, 304 பேர், அதில் 250 பேர் ஒரே பள்ளியின் மாணவர்கள். தொடரில் வருகிற அந்தப் பள்ளிப் பேருந்தைப் பார்க்கும்போது கொரியப் பார்வையாளர் ஒவ்வொருவருக்கும் இதில் ஏதாவது ஒன்று நெஞ்சில் அடைத்திருக்கும்.

ஆக நோய் என்னவென்று அவர் சொன்னது சரி. நோயைச் சரியாகச் சொன்னார் என்பதற்காக, மருத்துவர் நோயாளியின் வீட்டுக்காரர்களை வெட்டினால் சும்மா விடுவோமா?

அதே கடிதத்தில் இன்னொரு இடம் இருக்கிறது, அதை அக்கா வசதியாகத் தாண்டிப் போனார். எனக்குப் பதிலாக வேறு யாரோ வந்து இந்த அசிங்கத்தை அள்ளுவார்கள் என்று காத்திருக்கக் கூடாது என்கிற பொருளில் எழுதுகிறார். படித்துவிட்டு நான் சிரித்தேன். அழுத கண்ணோடு சிரித்தேன். ஐயா சாங்-ஜுன் அவர்களே, உங்களுக்குப் பதிலாக வேறு யாரோ வந்துதானே அள்ளினார்? நீங்கள் ஒரு கத்தியைத் தொட்டீர்களா? கையில் ஒரு சொட்டு ரத்தம் ஒட்டியதா? அள்ளியவர் யூன் சே-வோன். கூட்டிப் பெருக்கியவர் ஷி-மோக். நீங்கள் கடிதம் எழுதினீர்கள். எழுத்து நன்றாக இருக்கிறது, அது வேறு விஷயம்.

இப்போது அந்தப் பெயர். காங் ஜின்-சோப்.

எத்தனை பேருக்கு நினைவிருக்கிறது? கை தூக்குங்கள். மூன்று, நான்கு... பரவாயில்லை. முதல் எபிசோடில் வருகிறவர். கேபிள் டிவி ரிப்பேர் செய்ய வந்த தொழிலாளி. பார்க் மூ-சங் வீட்டுக்குள் அவர் நுழைந்தபோது உள்ளே இருந்தது பிணம். ஆனால் வெளியே நின்ற ஒரு வண்டியின் கேமராவில், அந்த நேரத்தில் ஜன்னலோரம் ஒரு ஆள் நிற்பது பதிவாகியிருந்தது. அப்படியென்றால் வீட்டுக்காரர் அதுவரை உயிரோடுதான் இருந்தார், கொன்றது உள்ளே போன ரிப்பேர்காரர்தான் என்று ஆகிவிடுகிறது. ஜன்னலில் நின்றது வீட்டுக்காரர் இல்லை, கொலைகாரர் என்று பிறகுதான் தெரிகிறது. அதற்குள் காங் ஜின்-சோப் குற்றவாளி என்று தீர்ப்பாகி, சிறைக்குள் போய், நான் செய்யவில்லை என்று எழுதி வைத்துவிட்டு உயிரை விட்டுவிட்டார்.

அந்த வழக்கை நடத்தியது எந்த அலுவலகம்? சோல் மேற்கு மாவட்டப் பிராசிக்யூட்டர் அலுவலகம். அங்கே பெரிய நாற்காலியில் உட்கார்ந்திருந்தவர் யார்? லீ சாங்-ஜுன்! கொன்றது அந்தத் தொழிலாளி இல்லை என்று அந்தக் கட்டடத்திலேயே நிச்சயமாகத் தெரிந்த மேலதிகாரி அவர் ஒருவர்தான். தன் கீழே வேலை பார்க்கிறவர்கள் ஒரு அப்பாவியைக் கூண்டில் ஏற்றுகிறார்கள், இவர் கோப்பைப் பார்த்துக்கொண்டு இருக்கிறார். ஒரு வார்த்தை போதும். ஒரே ஒரு வார்த்தை. அதைச் சொன்னால் தன் திட்டம் கெட்டுவிடும்.

தியாகம் என்றால் நமக்குத் தெரிந்தவரையில் தன்னுடையதைக் கொடுப்பது. அடுத்தவன் உயிரை எடுத்துத் தட்டில் வைத்து, "இதோ நான் செய்த தியாகம்" என்று சொல்வதற்கு வேறு பேர் இருக்கிறது.

காங் ஜின்-சோப் ஒருத்தரோடு முடிந்ததா? கிம் கா-யங் என்கிற இளம்பெண். பெரிய மனிதர்களின் விருந்துக்கு அனுப்பப்பட்டவள். ஊழல் அவள் உடம்பை ஒரு தடவை பயன்படுத்தியது. பிறகு, ஊழலை ஒழிக்க வந்தவர்கள் இன்னொரு தடவை பயன்படுத்தினார்கள். அதே பார்க் மூ-சங் வீட்டில், கத்திக்குத்தோடு, கட்டிவைக்கப்பட்ட நிலையில் கிடக்கிறாள். எதற்காக? ஊர் திரும்பிப் பார்க்க வேண்டும், பத்திரிகையில் வர வேண்டும், விசாரணை நின்றுவிடக் கூடாது. ஒரு பெண் பிள்ளையைச் சுவரொட்டி மாதிரி ஒட்டி வைத்தார்கள் நடுவர் அவர்களே. கத்தி பிடித்தது யூன்தான், தெரியும். அந்த ஆட்டம் யாருடையது?

செத்தவரின் மகன், பட்டாளத்தில் இருந்த பையன். சந்தேகத்தில் பிடித்துப்போய் வாக்குமூலம் வாங்க அடிக்கிறார்கள். செய்யாத கொலைக்கு அடி. அங்கேதான் ஹான் யோ-ஜின் எனக்குப் பெரிய ஆளாகத் தெரிகிறார். அடித்தது யார்? அவருடைய சொந்தக் குழு, தினமும் சேர்ந்து சாப்பிடுகிற கூட்டாளிகள். அந்தப் பையன் உடம்பில் இருந்த காயங்களை யோ-ஜின் படம் எடுத்து வெளியே கொண்டுவருகிறார். மறுநாள் அதே அலுவலகத்துக்குப் போய், அதே முகங்களுக்கு முன்னால், தன் மேஜையில் உட்கார்கிறார். ஒருவரும் பேசவில்லை. அழுக்கைச் சுத்தம் செய்கிற வேலை உண்மையில் எப்படி இருக்கும் என்றால் அப்படித்தான் இருக்கும், பின்னணி இசையெல்லாம் இருக்காது. இன்னொன்றும் சொல்ல வேண்டும். செத்துப்போன பார்க் மூ-சங்கின் வயதான அம்மாவைத் தன் வீட்டுக்குக் கூட்டிவந்து வைத்துக்கொண்டதும் இந்த யோ-ஜின்தான். பத்துப் பேரைக் கெடுத்த ஒரு ஆளின் அம்மா. அதற்கு என்ன, அம்மாதானே. நாட்டைக் காப்பாற்றப் புறப்பட்ட சாங்-ஜுனுக்கு அந்தக் கிழவி ஒரு கணம் நினைவில் வந்திருப்பாரா?

பிறகு யங் உன்-சூ. இளம் பிராசிக்யூட்டர். அவருடைய அப்பா நீதித்துறை அமைச்சராக இருந்து, பொய்யான லஞ்சப் பழியில் நாற்காலி இழந்தவர். அந்தப் பழியைத் துடைக்கத்தான் அந்தப் பெண் ஓடிக்கொண்டே இருந்தாள். அவளைக் கொன்றது சாங்-ஜுன் இல்லை, யூனும் இல்லை, ஹான்ஜோ தலைவரின் கையாள். நியாயத்தைச் சொல்லிவிடுகிறேன், அந்தக் கொலையைச் சாங்-ஜுன் கணக்கில் நான் எழுதமாட்டேன். ஆனால் காய்ந்த காட்டில் தீ வைத்தவர், "அந்த ஒரு மரம் மட்டும் நான் வைத்த தீயில் எரியவில்லை" என்று சொல்லிவிட்டுப் போக முடியுமா? உன்-சூ செத்த இடத்தில், உணர்ச்சியே இல்லாத ஷி-மோக் தலையைப் பிடித்துக்கொண்டு சரிகிறாரே, அந்தக் காட்சியை நான் இரண்டாவது தடவை பார்க்கவே இல்லை.

எதிரணி கேட்கிறது, அவருக்கு வேறு வழி இருந்ததா? மாமனார் கையில் பணம், மேலே அரசியல், எல்லாக் கதவும் சாத்தியிருந்ததே?

இதற்கு நிதானமாகப் பதில் சொல்கிறேன், ஏனென்றால் இதுதான் அவர்களின் பலமான இடம். கொரியாவில் பிராசிக்யூட்டர் என்றால் நம் ஊரில் நீதிமன்றத்தில் வாதாடுகிற அரசு வழக்கறிஞர் மாதிரி இல்லை. அந்தத் தொடர் வந்த காலத்தில் அவர் தானே விசாரிக்கலாம், போலீசை வழிநடத்தலாம், கைது வாரண்டுக்கு நீதிபதியிடம் கேட்பதும் அவர்தான். குற்றப்பத்திரிகை தாக்கல் செய்வதோ அன்றைக்கு அவர்களைத் தவிர வேறு யாராலும் முடியாது. ஊழலுக்கு எதிராக அந்த நாட்டில் ஒருத்தர் கையில் இருக்கக்கூடிய மிகக் கூர்மையான ஆயுதம் சாங்-ஜுன் கையில் இருந்தது. வழி இல்லாதவர் காங் ஜின்-சோப். வழி இல்லாதவர் மகனை இழந்த யூன் சே-வோன். சாங்-ஜுனுக்கு வழி இருந்தது, அதில் நடந்தால் பதவி போகும், மாமனார் வீடு போகும், தொலைவில் எங்காவது தூக்கி அடிப்பார்கள். ஷி-மோக்கைத் தூக்கி அடித்தார்களே, நாட்டின் தெற்கு ஓரத்தில் நாம்ஹேவுக்கு! ஷி-மோக் என்ன செய்தார்? பெட்டியைக் கட்டிக்கொண்டு போனார். திரும்பக் கூப்பிட்டபோது வந்தார். அவ்வளவுதான். அந்த விலையைக் கொடுக்க மனம் வராதவர்தான் மற்றவர்களின் உயிரை விலையாகக் கொடுத்தார்.

டிராமாவில்தான் அப்படி, நிஜத்தில் எந்தக் கதவும் திறக்காது என்பார்கள். சரி, நிஜத்துக்கே வருவோம். பிராசிக்யூட்டர்களுக்கு விருந்து வைக்கிற ‘ஸ்பான்சர்’ என்பது எழுத்தாளர் கற்பனையில் முளைத்த விஷயம் இல்லை. 2010-ல் எம்பிசி தொலைக்காட்சியின் ‘பிடி சுச்சோப்’ நிகழ்ச்சி அதை அம்பலப்படுத்தியது. ஒரு கட்டடத் தொழிலதிபர் பல வருஷம் பிராசிக்யூட்டர்களைக் கவனித்த கதை. நாடு கொதித்தது, தனி விசாரணை வந்தது. அடுத்த வருஷம் ஒரு பெண் பிராசிக்யூட்டர் பென்ஸ் கார் வாங்கிய விவகாரம். அதன் பிறகு கிம் யங்-ரான் என்ற அம்மையார், கொரிய உச்ச நீதிமன்றத்தின் முதல் பெண் நீதிபதியாக இருந்து ஓய்வு பெற்றவர், ஊழல் தடுப்பு ஆணையத்தின் தலைவராக உட்கார்ந்து ஒரு சட்டத்தை முன்வைத்தார். எத்தனை எதிர்ப்பு, எத்தனை இழுபறி! 2015-ல் நிறைவேறி, 2016 செப்டம்பர் 28-ல் நடைமுறைக்கு வந்தது. அதிகாரிக்குச் சாப்பாடு வாங்கிக் கொடுத்தால் அப்போது ஒரு ஆளுக்கு 30,000 வோன்தான் உச்சவரம்பாக இருந்தது. எவ்வளவு சாதாரணமான விஷயம் பாருங்கள்! சாப்பாட்டு பில்லைப் பிடித்தார் அந்த அம்மையார். பார்க் மூ-சங் போன்ற ஆட்களின் கடை முதல் நாள் எங்கே திறக்கிறது? சாப்பாட்டு மேஜையில்தான். அதற்கு ஒரு கத்தியும் தேவைப்படவில்லை. அம்மையாருக்கு டிராமா எடுப்பார்களா என்றால் எடுக்கமாட்டார்கள். உச்சவரம்பு 30,000 வோன் என்று சொல்கிற காட்சிக்கு யார் அழப்போகிறார்கள்?

மாற்றம் வேண்டுமென்றால் ரத்தம் சிந்தித்தான் ஆக வேண்டும் என்கிற தொனி அந்தக் கடிதத்தில் இருக்கிறது. தொடர் ஒளிபரப்பான தேதியைப் பாருங்கள், 2017 ஜூன் 10. அதற்குச் சரியாக மூன்று மாதம் முன்னால், மார்ச் 10-ம் தேதி, கொரிய அரசியல் சாசன நீதிமன்றத்தின் எட்டு நீதிபதிகளும் ஒருமித்து அதிபர் பார்க் கன்-ஹேயைப் பதவியிலிருந்து நீக்கினார்கள். அதற்கு முன் நாடாளுமன்றத்தில் 300 பேரில் 234 பேர் பதவி நீக்கத்துக்கு வாக்களித்தார்கள். அதற்கும் முன், குளிர்காலம் முழுக்க, சனிக்கிழமைதோறும் லட்சக்கணக்கான பேர் மெழுகுவத்தியோடு தெருவில் நின்றார்கள். கைக்குழந்தையைத் தூக்கிக்கொண்டு வந்து நின்றார்கள். கத்தியோடு யாரும் புறப்படவில்லை. அப்படி ஒரு குளிர்காலத்தைப் பார்த்துவிட்டு வந்து டிவி முன்னால் உட்கார்ந்த மக்களிடம், "வேறு வழியில்லை, ஒரு ஆளைக் குத்தித்தான் ஆக வேண்டும்" என்று சாங்-ஜுன் சொல்கிறார்.

இன்னொன்று. கொரியாவில் மரண தண்டனை சட்டப் புத்தகத்தில் இருக்கிறது. ஆனால் கடைசியாக நிறைவேற்றியது 1997 டிசம்பர் 30. அதற்குப் பிறகு ஒரு தூக்குக்கூட இல்லை. அரசாங்கமே இருபது வருஷமாகக் கயிற்றைச் சுருட்டி உள்ளே வைத்திருந்த நாட்டில், ஒரு தனி மனிதர் மூடிய அறைக்குள் உட்கார்ந்து தானே விசாரித்து, தானே தண்டனை எழுதி, நிறைவேற்ற ஒரு ஆளையும் அனுப்பினார். மேல்முறையீடு உண்டா? பார்க் மூ-சங் கெட்டவர்தான், நான் அவருக்காகக் கண்ணீர் விடவில்லை. ஆனால் அவர் உயிரோடு கூண்டில் நின்றிருந்தால் யார் யார் பெயரையெல்லாம் சொல்லியிருப்பார்! ஊழலின் கதையை முழுசாகத் தெரிந்த வாய் அது ஒன்றுதான். அதை மூடிவிட்டு, "வாயைத் திறந்து பேசுங்கள்" என்று நமக்குக் கடிதம் எழுதுகிறார்.

"தன் உயிரையே கொடுத்தாரே!" கொடுத்தார். கடைசியில் கொடுத்தார். வரிசையைப் பாருங்கள், எல்லோரும் கொடுத்து முடித்த பிறகு. அதுவும் எந்த நேரத்தில்? ஷி-மோக் உண்மையோடு எதிரே வந்து நின்ற நேரத்தில். கொரியச் சட்டத்தில் சந்தேக நபர் இறந்துவிட்டால் வழக்குத் தொடர அதிகாரம் இல்லை என்று எழுதிக் கோப்பை மூடிவிடுவார்கள். ஒரு மூத்த பிராசிக்யூட்டருக்கு இது தெரியாதா? வாழ்நாள் முழுக்க மற்றவர்களைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றிய மனிதர், தன் முறை வந்தபோது கூண்டில் ஏறவில்லை. குறுக்கு விசாரணை இல்லை. காங் ஜின்-சோப்பின் மனைவி எதிரே நின்று ஒரு கேள்வி கேட்க வழி இல்லை. அம்பு சிறையில், எய்தவர் அஞ்சலிப் படத்தில்.

அந்தப் பை? அதைப் பற்றிப் பேசாமல் விட்டால் எதிரணி என்னை விடாது. ஹான்ஜோ தலைவரை அசைத்தது அந்தப் பைதான். அது நல்ல வேலை, சந்தேகமே இல்லை. நான் கேட்பது ஒன்றுதான். அந்தப் பையைக் கொடுக்க ஒரு கொலை எதற்கு? பை தனி, பிணம் தனி. பையை மட்டும் ஒரு திங்கட்கிழமை காலையில் ஷி-மோக்கின் மேஜையில் வைத்திருக்கலாமே? பைக்கு மதிப்பு வர முன்னால் கொலை நடந்திருக்க வேண்டும், நாடு அதிர்ந்திருக்க வேண்டும் என்றால், அவர் நம்பியது சட்டத்தையா, பரபரப்பையா? 2020-ல் வந்த இரண்டாவது சீசனையும் பாருங்கள். ஹான்ஜோ அப்படியே இருக்கிறது. தலைவர் நாற்காலியில் யார்? சாங்-ஜுனின் மனைவி லீ யோன்-ஜே! நாட்டையே சுத்தம் செய்யக் கிளம்பியவரால் சொந்த வீட்டு நாற்காலியைக்கூட அசைக்க முடியவில்லை.

(மணி அடிக்கிறது. நடுவர் அவர்களே, அக்காவுக்கு மூன்று நிமிஷம் கூடுதலாகக் கொடுத்தீர்கள், நான் எண்ணிக்கொண்டிருந்தேன். எனக்கு ஒன்று போதும்.)

சோ டோங்-ஜே. பச்சோந்தி. சந்தர்ப்பம் எங்கே சாய்கிறதோ அங்கே குனிகிற பிராசிக்யூட்டர். அந்தக் கட்டடத்தில் அவரும் இருக்கிறார். சாகப் போகிற நேரத்தில் சாங்-ஜுன் அவரிடம், நீ இந்த வழியில் வராதே என்கிறார். எதிரணிக்குப் பிடித்த காட்சி. எனக்கும் பிடிக்கும், வேறு காரணத்துக்காக. தான் போன வழி தியாகத்தின் வழி என்றால், பின்னால் வருகிற தம்பியிடம் வராதே என்று ஏன் சொல்ல வேண்டும்? சாங்-ஜுனுக்கே தெரிந்திருக்கிறது, அக்காவுக்குத்தான் தெரியவில்லை. டோங்-ஜே திருந்தினாரா என்றால், அதுவும் இல்லை. கடைசியில் பழையபடி குனிந்துகொண்டு நிற்கிறார். அவரை வைத்து 2024-ல் தனித் தொடரே எடுக்கிற அளவுக்கு அவர் திருந்தவில்லை.

முடிவில் ஷி-மோக் தொலைக்காட்சியில் வந்து உட்கார்கிறார். ஆரம்பத்தில் ஒரு தடவை அதே மாதிரி வந்து, இரண்டு மாதத்தில் கொலைகாரனைப் பிடிக்கிறேன் என்று சொன்னவர். தன்னை வளர்த்த மேலதிகாரி, தன் கண் முன்னால் விழுந்து செத்தவர். ஒரு நல்ல வார்த்தை சொன்னால் யார் கேட்கப்போகிறார்கள்? அவர் சொல்லவில்லை. காலம் பெற்றெடுத்த ஒரு அரக்கன் என்கிற மாதிரிதான் சொல்கிறார். உணர்ச்சி இல்லாதவர் என்பதால் அப்படிச் சொன்னார் என்று அண்ணன் தள்ளிவிட்டுப் போனார். அண்ணே, அந்த ஸ்டூடியோவில் காங் ஜின்-சோப்பை மறக்காமல் இருந்த ஒரே ஆள் அவர்தான்.

எதிரணியில் கடைசிப் பேச்சாளர் தம்பி இன்னும் பாக்கி. நன்றாகப் பேசுவார், போன வருஷம் இதே மேடையில் என்னைத் தோற்கடித்தவர். தம்பி, நீ எத்தனை தடவை வேண்டுமானாலும் தியாகி என்று சொல்லு, நான் கோடு போடுகிறேன். அந்தக் கேபிள்காரரின் பெயரை மட்டும் ஒரு தடவை சொல்லிவிட்டு ஆரம்பி. இந்தத் தாளையும் உன்னிடமே கொடுத்துவிட்டுப் போகிறேன், அவர் பெயருக்கு எதிரே இடம் காலியாகத்தான் இருக்கிறது.

நன்றி, வணக்கம்.